பட்டுக்கயிறு கேட்டவர்

கேள்வி: பழைய பிரிட்டிஷ் படங்களின் துணை நடிகர்களில் உங்களுக்குப் பிடித்தவர் யார்?
– ஒரு வாசகர், மதுரை

பதில்: சந்தேகமென்ன, மைல்ஸ் மேலசன்தான். 1949-இல் வந்த ‘கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனட்ஸ்’ அலெக் கின்னஸ் எட்டு வேஷம் கட்டிய படம். அதில் மேலசன் தூக்குப் போடுபவர். விடிந்தால் தூக்கிலேறப் போகிறவர் ஒரு டியூக். இவருக்கோ பெருமை தாங்கவில்லை. பிரபுவை மரியாதை குறையாமல் எப்படி அழைப்பது என்று விசாரிக்கிறார். பிரபுக்களுக்கான பட்டுக்கயிற்றைத் தொட்ட கை இனிச் சணல்கயிற்றைத் தொடாது, ஓய்வு பெறப்போகிறேன் என்கிறார். சில நிமிடங்கள்தான் வருகிறார். எட்டு கின்னஸுக்கும் ஈடு கொடுக்கிறார்!

‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’ (1940) படத்தில் பொம்மைப் பித்துப் பிடித்த சுல்தானும் இவரே. பறக்கும் இயந்திரக் குதிரைக்காகப் பெற்ற மகளையே விலை பேசும் அசட்டுச் சிரிப்பைப் பாருங்கள். திருடன் வேஷத்தில் நம் மைசூர் சாபு. அந்தப் படத்துக்குத் திரைக்கதை வசனமும் மேலசன்தான்! ஆள் அடிப்படையில் எழுத்தாளர். முதல் உலகப் போரின்போது போரை எதிர்த்து இவர் எழுதிய நாடகப் புத்தகத்தை அரசு பறிமுதல் செய்தது. மோலியேரின் நாடகங்களையும் ஆங்கில மேடைக்குக் கொண்டுவந்தார்.

‘டெட் ஆஃப் நைட்’ படத்தில் சவவண்டி ஓட்டுபவராக ஒரே ஒரு வாக்கியம் பேசுவார். இரவில் தனியாகப் பார்க்க வேண்டாம்.