தொழிற்படங்களைப் பார்க்கும் முறை

பாதை போடுதல், காடு வெட்டுதல், மீன் பிடித்தல் முதலிய தொழில்களைப் படம் பிடித்துக் காட்டும் வழக்கம் சினிமாவின் ஆரம்ப காலத்திலேயே ஏற்பட்டது. இத்தகைய படங்களைச் சங்க அங்கத்தினர்கள் எவ்வாறு பார்த்தல் வேண்டும் என்பதை, தூத்துக்குடிக்கு எதிர்க்கரையாகிய இலங்கையில் எடுக்கப்பட்ட ஒரு படத்தைக்கொண்டு அறியலாம்.

பிரிட்டிஷ் சாம்ராஜ்யச் சரக்குகளை விளம்பரம் செய்வதற்காக 1926-இல் லண்டனில் எம்பயர் மார்க்கெட்டிங் போர்டு நிறுவப்பட்டது. அதன் ஆதரவில் ஜான் கிரியர்ஸன் என்பவர் ஹெர்ரிங் மீன் பிடிப்போரைப் பற்றி 1929-இல் ‘டிரிஃப்டர்ஸ்’ என்னும் படத்தை வெளியிட்டார். வலை இழுக்கும் தொழிலாளியே அதில் முக்கிய பாத்திரம். பின்னர் அவருடைய மேற்பார்வையில், இலங்கைத் தேயிலைப் பிரசார போர்டின் பொருளுதவியால், பாஸில் ரைட் 1934-இல் ‘ஸாங் ஆஃப் ஸிலோன்’ என்னும் படத்தை எடுத்தார்.

அப்படத்தின் மூன்றாம் பகுதி வாணிகத்தைப் பற்றியது. யானை மரத்தைத் தள்ளி வீழ்த்துகிறது. ஒருவர் தென்னையில் ஏறுகிறார். பெண்கள் தேயிலைக் கொழுந்து கிள்ளுகிறார்கள். அப்பொழுது காதில் விழுவனவோ சந்தை விலைகளும் வியாபாரக் கடிதங்களும் கப்பற் செய்திகளுமே. உழைப்பவர் கண்ணுக்குத் தெரிகிறார், பேசுவது வியாபாரம். இப்படம் 1935-இல் பிரஸ்ஸல்ஸ் நகரத்தில் பரிசு பெற்றது.

எனினும், கொழுந்து கிள்ளிய பெண்ணின் நாட்கூலி எவ்வளவு என்பதை அது சொல்லவில்லை. அத்தோட்டங்களில் உழைத்தவர்களிற் பெரும்பாலோர் தமிழ்நாட்டிலிருந்து சென்ற குடும்பத்தினர். தூத்துக்குடி வழியாகக் கப்பலேறியவர்களும் அவர்களுள் உண்டு. ஆளோடு ஆளின் கடனையும் தோட்டத்துக்குத் தோட்டம் மாற்றிய ‘துண்டு’ முறை 1921-இல்தான் சட்டத்தால் விலக்கப்பட்டது. தேயிலை விற்கப் பணம் கொடுத்தவர்கள் இவற்றைப் படத்திற் சேர்க்கக் காரணமில்லை.

இதனோடு முத்துக்குளிப்பை ஒப்பிட்டுப் பார்க்கலாம். பிரிட்டிஷ் ஆட்சிக் காலத்தில் தூத்துக்குடிக் கரையில் எடுத்த சிப்பியில் மூன்றில் இரண்டு பங்கு சர்க்காருக்கும் ஒரு பங்கு குளித்தவருக்கும் சேர்ந்தது. சர்க்கார் பங்கு கரையிலேயே ஆயிரக்கணக்கில் ஏலமிடப்பட்டது. பங்கு போதுமா, போதாதா என்பது வேறு. பங்கும் விலையும் குளித்தவருடைய கண்ணெதிரே இருந்தன.

ஆதலின், எத்தொழிற்படத்தைப் பார்த்தாலும் அங்கத்தினர்கள் மூன்று கேள்விகளைக் கேட்க வேண்டும்:

1. இதற்குப் பணம் கொடுத்தவர் யார்?
2. உழைத்தவர் தம் வாயாற் பேசினாரா?
3. விலை, கூலி, கடன் ஆகிய மூன்றும் சொல்லப்பட்டனவா?

சங்கத்தின் வருஷ அறிக்கையைப் படிக்கும்போதும் இக்கேள்விகள் பொருந்தும். அழகான அறிக்கை வேறு, சரியான கணக்கு வேறு. பொதுக்கூட்டத்தில் எழுந்து கேட்பது ஒவ்வோர் அங்கத்தினருக்கும் உரிமை. அதுவே கடமையும் ஆகும்.