குத்தகை உரிமைக்கு வாரிசு யார்?

தந்தையார் மறைந்த பின்னர் உடன்பிறந்தோரிடையே எழும் பூசல், சொந்த நிலத்தைப் பற்றியதாகவே இருக்கும் என்று நாம் எண்ணுகிறோம். பிறர் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்து உழுத குடும்பங்களிலும், வாடகைக் கடையில் வாணிகம் செய்த குடும்பங்களிலும் அதே பூசல் எழுகின்றது. சொந்த நிலத்தைப் பங்கிட்டால் ஒவ்வொருவருக்கும் ஒரு துண்டாவது எஞ்சும். குத்தகைப் பூசலோ நீண்டுகொண்டே போனால், அனைவர் கையிலிருந்தும் நிலம் நழுவிவிடும். ஆதலின் இதனை ஒரு பாடமாகவே படிப்போம்.

எடுத்துக்காட்டு

பாடத்தின் பொருட்டு ஒரு குடும்பத்தைக் கற்பனை செய்துகொள்வோம். வந்தவாசிப் பக்கத்துச் சிற்றூரில் ஒருவர் இரண்டு ஏக்கர் நன்செயைக் குத்தகைக்கு உழுது வந்தார். உயில் எழுதாமல் காலமானார். மனைவி இருக்கிறார். மூத்த மகன் சென்னையில் பணியில் உள்ளார். இளைய மகன் தந்தையுடன் ஏர் பிடித்தவர். மகள் அயலூரில் வாழ்க்கைப்பட்டவர். "வாரிசுச் சான்றிதழில் என் பெயர் இருக்கிறது, எனக்கும் நிலத்தில் பங்கு உண்டு" என்கிறார் மூத்தவர். "உழுதவன் நான், வேறு எவருக்கும் எதுவும் இல்லை" என்கிறார் இளையவர். இருவர் கூற்றிலும் பாதி உண்மையே உள்ளது. ஏனெனில் இங்கே கேள்விகள் இரண்டு.

முதற் கேள்வி: வாரிசு யார்?

இதற்கு விடை கூறுவது 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டம். அதன் 2-ஆம் பிரிவு, பௌத்தர், ஜைனர், சீக்கியர் ஆகியோருக்கும் அச்சட்டம் பொருந்தும் என்று கூறுகின்றது. உயில் எழுதாமல் இறந்த ஆடவரின் சொத்து முதல் வகுப்பு வாரிசுகளைச் சேரும். மனைவி, மகன், மகள், தாய் ஆகியோர் அவ்வகுப்பில் உள்ளனர். நம் எடுத்துக்காட்டில் தாயும் மக்கள் மூவரும் ஆக நால்வர். ஒவ்வொருவருக்கும் நான்கில் ஒரு பங்கு. மகள் மணமாகிச் சென்றதால் இப்பங்கு குறையாது.

ஆயினும் வேளாண் நிலத்தின் குத்தகை உரிமை எவரைச் சேரும் என்பது பற்றிய தனிச் சட்டங்களை இச்சட்டத்தின் 4(2) உட்பிரிவு தொடாமல் விட்டிருந்தது. அத்தகைய சட்டங்கள் சில, உத்தரப் பிரதேசத்தில் நிகழ்ந்ததுபோல, மகள்களைப் பின்னுக்குத் தள்ளின. 2005-ஆம் ஆண்டுத் திருத்தம் செப்டம்பர் 9-ஆம் நாள் நடைமுறைக்கு வந்தபோது அவ்வுட்பிரிவு நீக்கப்பட்டது.

இரண்டாம் கேள்வி: உழைப்பவர் யார்?

தமிழ்நாட்டில் குத்தகை உழவரைக் காப்பது 1955-ஆம் ஆண்டுச் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம். இறந்த குத்தகைதாரரின் வாரிசும் இப்பாதுகாப்பைப் பெறலாம். ஆனால் அவரோ அவர் குடும்பத்தினரோ அந்நிலத்தில் உடலுழைப்புச் செய்ய வேண்டும். வாரிசு ஆணா பெண்ணா என்று சட்டம் பிரித்துப் பார்க்கவில்லை, உழைப்பையே பார்க்கின்றது.

இவ்வளவுகோலைப் பொருத்திப் பாருங்கள். இளைய மகன் தகுதி பெறுகிறார். சென்னையில் வாழும் மூத்தவர் வாரிசே ஆயினும் இப்பாதுகாப்பைக் கோர இயலாது. தாய் தாமே வயலில் இறங்காவிடினும், உடன் வாழும் மகன் உழுவதால் அவருக்கும் கோரிக்கை உண்டு. அவரை ஒதுக்கிவிட்டு இளையவர் தம் பெயரை மட்டும் பதிந்துகொள்வது முறையன்று. மகளும் வந்து பாடுபட்டு வந்தவராயின் அவருக்கும் இடமுண்டு.

தந்தையார் விட்டுச்சென்ற விளைந்த பயிர், மாடு, பம்புசெட்டு, கையிருப்புப் பணம் ஆகியவை குத்தகை உரிமையைச் சேர்ந்தவை அல்ல. அவை அவருடைய சொத்து. அவற்றில் நால்வருக்கும் சம பங்கு உண்டு. இதை மறப்பதால்தான் பல வீடுகளில் தமக்கை தங்கையர் மனம் புண்படுகின்றது.

வீடும் கடையும்

வாடகைக் கட்டடங்களுக்குச் சட்டம் வேறு. 1960-ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழ், வீடாயின் இறந்தவருடன் இறுதிவரை வாழ்ந்தவரும், கடையாயின் அவருடன் வாணிகத்தில் தொடர்ந்து ஈடுபட்டு, பின்னும் அதை நடத்துபவரும் வாடகைதாரர் ஆயினர். 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் உள்ள புதிய சட்டத்தில், ஒப்பந்தத்தில் எஞ்சிய காலத்திற்கு மட்டுமே உரிமை தொடரும். ஆகவே ஒப்பந்தம் எழுத்தில் இருத்தல் இன்றியமையாதது.

மற்றொன்றும் அறிக. வாரிசுகள் அனைவரும் கூட்டு வாடகைதாரரே என்றும், அவர்களுள் ஒருவருக்குத் தரும் அறிவிப்பே போதும் என்றும் 1989-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அண்ணன் பெற்ற அறிவிப்பைத் தங்கைக்குத் தெரிவிக்காவிடினும் அது தங்கையையும் கட்டுப்படுத்தும்.

பூசலின் விலை

குத்தகைத் தொகையை உரிய நாளிலிருந்து ஒரு மாதத்திற்குள் செலுத்தாவிடில், நிலவுடைமையாளர் வெளியேற்றம் கோரி வருவாய்க் கோட்டாட்சியரிடம் மனுச் செய்யலாம். "அவன் கட்டட்டும்" என்று அண்ணனும், "அவர் பங்கைக் கொடுக்கட்டும்" என்று தம்பியும் காத்திருக்கும் வேளையில் அந்நாள் கடந்துவிடுகின்றது. நாற்பது ஆண்டு உழைத்த தந்தையின் நிலம் இவ்வாறே கைவிட்டுப் போகும்.

ஆதலால் முதலில் ஒருவர் குத்தகையைச் செலுத்தி ரசீது பெறுக. கணக்கைப் பின்னர்ப் பேசிக்கொள்ளலாம். 1969-ஆம் ஆண்டுச் சட்டப்படியுள்ள குத்தகை உரிமைப் பதிவேட்டில் பெயர் மாற்றக் காலந்தாழ்த்தாமல் விண்ணப்பியுங்கள். யார் உழுவது, தாய்க்கு என்ன அளிப்பது, பயிரும் மாடும் எவ்வாறு பிரிவது என்பவற்றைத் தாய் முன்னிலையில் எழுதி அனைவரும் கையொப்பமிடுங்கள். வழக்கு எழுந்துவிட்டால் தக்க வழக்கறிஞரை நாடுங்கள்.

பயிற்சி வினாக்கள்

1. வாரிசு என்பதற்கும் சாகுபடிக் குத்தகைதாரர் என்பதற்கும் உள்ள வேறுபாடு யாது?
2. நம் எடுத்துக்காட்டில் மூத்த மகனுக்கு எவற்றில் பங்கு உண்டு, எதில் இல்லை?
3. உங்கள் வீட்டுக் குத்தகை ரசீதுகள் யார் பெயரில், எந்தப் பெட்டியில் உள்ளன?

மூன்றாம் வினாவிற்கு விடையை இன்றே, பெரியவர்கள் இருக்கும்போதே, கேட்டறிந்து கொள்ளுங்கள்.