பல்கலைக் கழக முடிவுகளும் நீதிமன்றங்களும்

தேர்வு நடத்துதல், பட்டம் வழங்குதல், ஆசிரியர்களை நியமித்தல் ஆகியவை பல்கலைக் கழகத்திற்கே உரிய பணிகள். எனினும் சட்டத்தால் தோன்றிய பல்கலைக் கழகம் அச்சட்டத்திற்கும் அரசியலமைப்பிற்கும் உட்பட்டே இயங்க வேண்டும். அதன் முடிவால் பாதிக்கப்பட்டவர், அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். ஆனால் இது மேல்முறையீடு அன்று. முடிவு சிறந்ததா என்பதை நீதிமன்றம் ஆராய்வதில்லை. அது சட்டப்படியும் நேர்மையாகவும் எடுக்கப்பட்டதா என்பதையே ஆராய்கிறது.

நிபுணர் கருத்துக்கு மதிப்பு

மைசூர் பல்கலைக் கழகத்தில் ஆங்கில ரீடர் பதவிக்குச் செய்யப்பட்ட நியமனத்தை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 1963இல் உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றியது. கல்வித் தகுதி குறித்து நிபுணர் குழு கூறும் கருத்தில் நீதிமன்றங்கள் எளிதில் தலையிடலாகாது என்றது. விடைத்தாள் மறுமதிப்பீட்டை விதிகள் அனுமதிக்காதபோது அதனை உரிமையாகக் கோர முடியாது என மகாராஷ்டிர தேர்வு வாரிய வழக்கில் 1984இல் தீர்ப்பளித்தது.

தன் தரப்பைக் கூறும் உரிமை

தேர்வில் முறைகேடு செய்ததாக மூன்று மாணவர்களின் தேர்வு முடிவுகளை, அவர்களிடம் விளக்கம் கேளாமலே, உத்தரப் பிரதேசத் தேர்வு வாரியம் ரத்து செய்தது. தண்டிக்கும் முன் அவர்களுக்கு வாய்ப்பளித்திருக்க வேண்டும் என உச்ச நீதிமன்றம் 1962இல் கூறி, அந்த ஆணையை நிலைக்க விடவில்லை. பீகாரில் ஒரு மையத்தில் எழுதிய 36 பேரின் தேர்வு முழுவதும் ரத்தான வழக்கிலோ, 1970இல் அது வேறு முடிவுக்கு வந்தது. அங்கே தனி ஒருவர் மீது குற்றம் சாட்டப்படவில்லை. தேர்வே பழுதுபட்டதென வாரியம் கருதியது. ஆகவே ஒவ்வொருவரையும் விசாரிக்க வேண்டியதில்லை. வாரியங்களைப் பற்றிய இந்நெறிகள் பல்கலைக் கழகங்களுக்கும் பொருந்தும்.

வெளிப்படையான பிழை

கான்பூர் பல்கலைக் கழகம் நடத்திய மருத்துவ நுழைவுத் தேர்வில் சில வினாக்களுக்கான விடைக்குறிப்பே தவறாக இருந்தது. விடைக்குறிப்பு சரியானதென்றே முதலில் கொள்ள வேண்டும். அது தவறென ஐயத்திற்கிடமின்றி நிறுவப்பட்டால், சரியான விடையளித்த மாணவரைத் தண்டிப்பது அநீதி என 1983இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி மாணவர் தம் விடைத்தாளைப் பார்வையிடலாம் என 2011இல் அது தீர்ப்பளித்தபின், பிழையை எடுத்துக்காட்டுவது எளிதாயிற்று.

கருத வேண்டியவை

வழக்கு முடிவதற்குள் கல்வியாண்டே கழிந்துவிடக் கூடும். வென்ற மாணவருக்கும் இழந்த காலம் திரும்புவதில்லை. எனவே, குற்றச்சாட்டை எழுத்தில் தெரிவித்தல், விளக்கம் பெறுதல், காரணங்களைப் பதிவு செய்தல் ஆகியவற்றை ஆணை பிறப்பிக்கும் முன்பே நிறைவேற்றுவது அதிகாரிகளின் கடமை. மாணவரும் மதிப்பெண் குறைவு என்பதை மட்டும் கூறாமல், மீறப்பட்ட விதி எது என்பதைச் சுட்டிக்காட்டினாலன்றி நீதிமன்றத்தில் பயன் காண்பது அரிது.