மாடி வீட்டுக் கைதட்டலை முந்த 20 குறிப்புகள்

2024 டிசம்பர் 12. சிங்கப்பூரில் நம்ம குகேஷும் சீனாவின் டிங் லிரெனும் ஆடிய உலக செஸ் சாம்பியன்ஷிப்பின் பதினான்காவது ஆட்டம். எங்கள் டிவியில் டிங் இன்னும் கன்னத்தில் கை வைத்து யோசித்துக்கொண்டிருக்கிறார். அதற்குள் மாடி வீட்டிலிருந்து, “யானையைத் தப்பா வெச்சுட்டாருடா!” என்று ஒரு அலறல். அரை நிமிஷம் கழித்துத்தான் எங்கள் டிவியில் அந்த யானை நகர்ந்தது. பட்டம் ஜெயித்த சந்தோஷம் ஒரு பக்கம், ஆறின காபி குடித்த மாதிரி ஒரு குறை இன்னொரு பக்கம்.

அதே தெரு, அதே நெட், அதே மேட்ச். அவர்களுக்கு மட்டும் எப்படி முன்னாடி வருகிறது? சிங்கப்பெருமாள் கோவிலில் எங்கள் வீட்டில் நானும் பெரியவனும் நோண்டிப் பார்த்துக் கண்டுபிடித்ததையும், மாடி வீட்டு அக்காவிடம் கேட்டுத் தெரிந்துகொண்டதையும் இங்கே எழுதியிருக்கிறேன். செஸ்ஸோ, பிஜிஎம்ஐ மாதிரி போன் கேமோ, பிள்ளைகள் எதைப் பார்த்தாலும் உதவும். காசு செலவாகிற குறிப்பு இதில் இரண்டே இரண்டுதான்.

1. முதலில் எத்தனை விநாடி பின்னால் இருக்கிறீர்கள் என்று பார்த்துவிடுங்கள். கம்ப்யூட்டரில் யூடியூப் வீடியோவின் மேல் வலது கிளிக் செய்தால் ‘ஸ்டாட்ஸ் ஃபார் நெர்ட்ஸ்’ என்று வரும்; அதில் ‘லைவ் லேட்டன்சி’ என்ற வரி விநாடிக் கணக்கைக் காட்டிவிடும். எங்கள் வீட்டில் முதல் நாள் 28 காட்டியது.

2. திரையின் கீழே ‘லைவ்’ என்ற எழுத்துக்குப் பக்கத்துப் புள்ளி சிவப்பாக இருக்கிறதா, சாம்பலாக இருக்கிறதா? சாம்பல் என்றால் நீங்கள் பழைய சோறு சாப்பிட்டுக்கொண்டிருக்கிறீர்கள். நடுவில் குழம்பைக் கிளற ‘பாஸ்’ போட்டுவிட்டு வந்தால் அத்தனை நேரமும் பின்தங்கியேதான் ஓடும். அந்த எழுத்தைத் தொட்டால் நிகழ்நேரத்துக்குத் தாவிவிடும்.

3. தாவினால் நடுவில் ஒரு கட்டம் போய்விடுமே என்கிறவர்கள் வேகத்தை 1.25 ஆக்கிக்கொள்ளுங்கள். ஒரு நிமிஷம் பின்தங்கியிருந்தால் நாலு நிமிஷத்தில் பிடித்துவிடலாம், 1.5 வைத்தால் இரண்டே நிமிஷம். வர்ணனையாளர் கொஞ்சம் படபடவென்று பேசுவார், அவ்வளவுதான்.

4. செஸ் பார்ப்பவர்களுக்கு இதுதான் தலையான குறிப்பு, மாடி வீட்டு ரகசியமும் இதுவே: வீடியோவை விட்டுவிட்டுப் பலகையைப் பாருங்கள். லிசெஸ் மாதிரி தளங்களில் பெரிய போட்டிகளின் நகர்த்தல்கள் நேராகப் பலகையிலேயே வந்து விழும். காசும் கேட்பதில்லை, விளம்பரமும் இல்லை. ஒரு நகர்த்தல் என்பது நாலைந்து எழுத்து சமாச்சாரம், கண்ணிமைக்கும் நேரத்தில் வந்துவிடும். அதே நகர்த்தல் வீடியோவாக வர வேண்டுமானால் கேமரா, வர்ணனை, சுருக்கல், சேமிப்பு என்று நாலு வாசல் ஏறி இறங்க வேண்டும். தினம் ஒன்றரை ஜிபி பேக் போட்டிருப்பவர்களுக்கு இது வரப்பிரசாதம். தெளிவான வீடியோ ஒரு மணி நேரத்துக்கே ஒரு ஜிபிக்கு மேல் குடித்துவிடும்.

5. பலகையைத் திறந்ததும் பக்கத்தில் ‘யார் ஜெயிக்கிறார்’ என்று கணக்குப் போடும் எஞ்சினை அணைத்துவிடுங்கள். அந்தக் கணக்கைப் பெரும்பாலும் உங்கள் போனே உட்கார்ந்து போடுகிறது. தோசைக்கல் மாதிரி சூடாகிவிடும், சார்ஜும் நிற்காது. அதோடு, நீங்களே யோசித்து “இவன் தோத்துடுவான்” என்று சொல்லும் சுகம் எஞ்சின் இருந்தால் கிடைக்காது.

6. வர்ணனையும் வேண்டும், பலகையும் வேண்டும் என்றால் இரண்டையும் ஒரே ஆள் பார்க்காதீர்கள். நகர்த்தல் முன்னாடியும் விளக்கம் பின்னாடியும் வந்து தலை சுற்றும். எங்கள் வீட்டில் பலகை பெரியவனுக்கு, டிவி எனக்கு. வாயைத் திறந்தால் அன்றைக்குப் பாத்திரம் அவன் கழுவ வேண்டும் என்று ஒப்பந்தம்.

7. வீடியோ ஏன் பின்தங்குகிறது என்று தெரிந்துகொண்டால் பாதி எரிச்சல் குறையும். நம்ம ஊர் ஜங்ஷனில் நிற்கும் ஒரகடம் கம்பெனி பஸ்ஸை நினைத்துக்கொள்ளுங்கள்; ஆள் ஏறி முடிந்தால்தான் வண்டி எடுப்பார்கள். வீடியோவும் அப்படித்தான், சில விநாடிகளைச் சேர்த்து ஒரு பொட்டலமாக்கித்தான் அனுப்புவார்கள். நம்ம போனும் வழியில் திக்கக் கூடாதே என்று இரண்டு மூன்று பொட்டலத்தைக் கையிருப்பில் வைத்துக்கொண்டுதான் ஓட்டவே ஆரம்பிக்கும்.

8. அதனால் ‘தாமதமாக வருகிறது’ என்று பெரிய பிளானுக்கு மாறிக் காசைக் கொட்டாதீர்கள். நல்ல தரத்தில் லைவ் பார்க்க 5 முதல் 8 எம்பிபிஎஸ் சீராக வந்தாலே தாராளம். 40 எம்பிபிஎஸ் வைத்திருப்பவர் 200க்கு மாறினாலும் பொட்டலம் கட்டுகிற நேரம் குறையப்போவதில்லை.

9. சில தாமதம் வேண்டுமென்றே வைப்பது. அதற்காக நெட்காரரைக் கூப்பிட்டுத் திட்டாதீர்கள். துப்பாக்கி விளையாட்டுப் போட்டிகளில் எதிரணி எங்கே பதுங்கியிருக்கிறது என்று நேரலையைப் பார்த்து யாராவது போன் போட்டுச் சொல்லிவிடக் கூடாது என்பதற்காக நிமிஷக் கணக்கில் பிடித்து வைத்து விடுவார்கள். லீக் ஆஃப் லெஜண்ட்ஸில் விளையாட்டுக்குள்ளேயே போய் வேடிக்கை பார்த்தாலும் மூன்று நிமிஷம் பின்னால்தான். செஸ்ஸிலும் உண்டு: 2022 சிங்க்ஃபீல்ட் கோப்பையில் அன்றைய உலக சாம்பியன் கார்ல்சன் பாதியில் விலகின கலாட்டாவுக்குப் பிறகு நேரலையைப் பதினைந்து நிமிஷம் தள்ளி வைத்தார்கள்.

10. ஹாஸ்டலில் இருக்கும் தம்பி, தெருப் பிள்ளைகள் ஆடுகிற ஆட்டம்தான் பார்க்க வேண்டுமா? அவர்களை யூடியூபில் போடச் சொல்லாதீர்கள். தனி ரூம் போட்டு ஆடுகிற பிஜிஎம்ஐ ஆட்டமானால் பார்வையாளர் இடத்தில் உங்களைச் சேர்க்கச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் வாட்ஸ்அப் வீடியோ காலில் ஸ்க்ரீன் ஷேர் போதும். கால் என்பது பேசப் பேசப் போய்ச் சேர வேண்டிய விஷயமாதலால் அதில் பொட்டலம் கட்டிக் காத்திருக்கும் வேலையே கிடையாது. நாலைந்து பேர் பார்க்க இதைவிடச் சிக்கனமான வழி இல்லை.

11. பொங்கலுக்குத் தெருவில் போட்டி வைத்து நீங்களே யூடியூபில் நேரலை விடப்போகிறீர்களா? ஸ்டுடியோ அமைப்பில் லேட்டன்சி என்ற இடத்தில் ‘நார்மல்’, ‘லோ’, ‘அல்ட்ரா லோ’ என்று மூன்று இருக்கும்; ‘அல்ட்ரா லோ’வைத் தொடுங்கள். 4கே கிடைக்காது. நம்ம தெரு மேட்சை யார் 4கேயில் பார்க்கப்போகிறார்கள்!

12. தரத்தை உச்சத்தில் வைத்துவிட்டால் நெட் ஏறி இறங்கும்போதெல்லாம் படம் நின்று நின்று ஓடும், ஒவ்வொரு முறை வட்டம் சுற்றும்போதும் சில விநாடி கூடிக்கொண்டே போகும். போனில் பார்ப்பதானால் 480 என்று நிலையாக வைத்துவிடுங்கள். அந்தச் சின்னத் திரையில் வித்தியாசம் சொல்ல ஆளில்லை.

13. ரவுட்டரைப் பீரோ மேலே, அலமாரிக்குள்ளே, மைக்ரோவேவ் பக்கத்திலே வைக்காதீர்கள். சுவருக்குச் சுவர் ஒட்டின எங்கள் லைன் வீடுகளில் எல்லார் வைஃபையும் 2.4 என்கிற ஒரே சந்தில் முட்டிக்கொள்ளும். டிவியும் ரவுட்டரும் ஒரே அறையில் இருந்தால் ‘5ஜி’ என்று முடிகிற பெயரில் இணையுங்கள். அது சிம் 5ஜி இல்லை, வைஃபையின் இன்னொரு தடம். ஒரே குறை, சுவரைத் தாண்டினால் சோர்ந்துவிடும்.

14. இது முதல் செலவு: ரவுட்டரிலிருந்து டிவிக்கு ஒரு லேன் ஒயர். வைஃபை எத்தனை ஜோராக இருந்தாலும் ஒயருக்கு ஈடாகாது. பாய்க்கு அடியிலோ கதவு ஓரமாகவோ இழுத்துவிட்டால் பார்க்கவும் அசிங்கமாக இருக்காது. வாங்கும் முன் கயிறு வைத்து அளந்து, ஒரு மீட்டர் கூடுதலாகவே வாங்குங்கள். நான் துல்லியமாக வாங்கி, டிவியைச் சுவரோரம் நகர்த்த வேண்டி வந்தது.

15. விபிஎன் ஓடிக்கொண்டிருந்தால் அணையுங்கள். நம்ம பாடலாத்ரி நரசிம்மரை வலம் வர வேண்டுமென்றால் மலையையே சுற்றித்தான் ஆக வேண்டும், அது புண்ணியம். பக்கத்திலிருக்கும் சர்வருக்குப் போக ஐரோப்பாவைச் சுற்றிக்கொண்டு போவதில் எந்தப் புண்ணியமும் இல்லை.

16. மேட்ச் நேரத்தில் வீட்டில் மற்ற போன்கள் என்ன செய்கின்றன என்று ஒரு கண் வையுங்கள். கல்யாணத்தில் எடுத்த ஐந்நூறு போட்டோவும் அப்போதுதான் பின்னணியில் மேலே ஏறிக்கொண்டிருக்கும். கேம் அப்டேட்டை ராத்திரி தூங்கும்போது போட்டுக்கொள்ளச் சொல்லுங்கள்.

17. பீச்–செங்கல்பட்டு லோக்கலில் வரும்போது வீடியோ வேண்டவே வேண்டாம். வண்டி ஓட ஓட போன் டவர் மாற்றிக்கொண்டே இருப்பதால், பொத்தேரி தாண்டி மறைமலை நகர் வருவதற்குள் நாலு முறை வட்டம் சுற்றிவிடும். நகர்த்தல் பலகையோ ஸ்கோர் பக்கமோ போதும். எங்க வீட்டுக்காரர் ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் வரும்போதும் இதைத்தான் செய்கிறார், கண்ணுக்கும் நல்லது.

18. இரண்டாவது செலவு, ரவுட்டருக்கு ஒரு மினி யுபிஎஸ். வாங்குவதற்கு முன்பு அடாப்டரில் எத்தனை வோல்ட், எத்தனை ஆம்பியர் என்று எழுதியிருப்பதைப் போட்டோ எடுத்துக்கொண்டு கடைக்குப் போங்கள். ஃபைபர் பெட்டி தனியாக இருந்தால் அதற்கும் மின்சாரம் வேண்டும், மறக்காதீர்கள். தொடர்பு அறுந்தால் என்ன ஆகும் என்று ஆடுகிறவர்களைக் கேட்டால் தெரியும்: 2020 ஆகஸ்ட் 30, ஆன்லைன் செஸ் ஒலிம்பியாட் இறுதியில் ரஷ்யாவோடு இந்தியா ஆடிக்கொண்டிருந்தபோது உலகளவில் ஏற்பட்ட இணையக் கோளாறில் நிஹால் சரீனும் திவ்யா தேஷ்முக்கும் துண்டிக்கப்பட்டார்கள். கடைசியில் இரண்டு நாட்டுக்கும் சேர்த்தே தங்கம் கொடுத்தார்கள். நமக்கு அப்படிப் பங்கு தர யாரும் வர மாட்டார்கள்.

19. ‘தாமதமே இல்லாத நேரலை’ என்று டெலிகிராமில் வரும் ஆப்களைப் போனில் ஏற்றாதீர்கள். மேட்ச் வருகிறதோ இல்லையோ, பேங்க் பணம் போய்விடும். ‘முன்னாடி தெரிந்தால் பந்தயம் கட்டி ஜெயிக்கலாம்’ என்று பிள்ளைகளிடம் யாராவது சொன்னாலும் காதில் வாங்க விடாதீர்கள். உங்களைவிட முன்னாடி தெரிந்தவன்தான் எதிரில் உட்கார்ந்திருப்பான். பணம் வைத்து ஆடும் ஆன்லைன் விளையாட்டுக்கு 2025இல் நாடாளுமன்றம் கொண்டுவந்த சட்டமே தடை போட்டிருக்கிறது.

20. எல்லாம் செய்தும் தூக்கம் வந்துவிட்டால் தூங்கிவிடுங்கள். 2022 பிப்ரவரியில் பதினாறு வயது பிரக்ஞானந்தா ஆன்லைனில் கார்ல்சனைத் தோற்கடித்தபோது இங்கே நடு ராத்திரி; விடியற்காலை ஷிப்ட் இருக்கிற வீட்டில் அதற்குக் கண்விழித்தால் அடுத்த நாள் லஞ்ச் பாக்ஸ் கட்டுவது யார்? படுக்கும் முன்பு செய்தி ஆப்களின் அறிவிப்பையும் குடும்ப வாட்ஸ்அப் குரூப்பையும் சத்தமில்லாமல் ஆக்கிவிடுங்கள். காலையில் டிகாக்‌ஷன் இறங்குகிற நேரத்தில் முடிவைப் பார்க்காமல் ஒவ்வொரு நகர்த்தலாகத் தள்ளிப் பார்த்தால் முழு ஆட்டமும் ஐந்து நிமிஷத்தில் முடிந்துவிடும். மாடி வீட்டுப் பையனிடம் மட்டும் முந்தின நாளே சொல்லி வைக்க வேண்டும். ஒரு முறுக்குப் பொட்டலம் கொடுத்தால் காலை ஏழு மணி வரை கத்தாமல் இருக்கிறான்.