மறைத்த அன்பும் மணவாழ்வும்



மாலை ஜெபமாலை முடிந்ததும் (சில வீடுகளில் முடியுமுன்னரே!) தொலைக்காட்சித் தொடர்கள் ஆரம்பமாகின்றன. இளைஞரோ கொரியா தேசத்துக் காதல் தொடர்களைக் கைப்பேசியில் பார்க்கிறார்கள். தேசம் எதுவானாலும் ஒரு கதை திரும்பத் திரும்ப வருகிறது. ஒருத்தி தன் அன்பை மறைத்து, பிறருக்காகத் தன்னையே தியாகம் செய்கிறாள். நாமும் கண்ணீர் விடுகிறோம். இத்தியாகம் மெய்யாகவே புண்ணியமோ?

1959-ல் ஸ்ரீதர் இயக்கிய "கல்யாண பரிசு" பெரியவர்கள் அறிந்த படம். பின்னர் தெலுங்கிலும் இந்தியிலும் வந்தது. பாஸ்கரும் வசந்தியும் ஒருவரையொருவர் நேசிக்கிறார்கள். அதை அறியாத அக்காள் கீதாவும் பாஸ்கர்மேல் மனம் வைக்கிறாள். வசந்தி தன் காதலை மறைத்து, அக்காளை மணக்கும்படி அவனை வேண்டுகிறாள். அவனும் இணங்குகிறான். முடிவு என்ன? கீதாவின் மனத்தில் சந்தேகம் புகுகிறது. உண்மை அறிந்து நொந்து மரிக்கிறாள். தாயற்ற குழந்தை, வேறொருவரை மணக்கும் வசந்தியின் கையில் பரிசாக வந்து சேருகிறது.

நாம் வசந்திக்காக அழுகிறோம். கீதாவை யார் கேட்டார்கள்? "உன்மேல் அன்பில்லாதவனை மணக்கச் சம்மதமா?" என்று கேட்டிருந்தால் அவள் என்ன சொல்லியிருப்பாள்? அந்த உரிமையையே தியாகம் என்ற பெயரால் பறித்துவிட்டார்கள். அதே படத்தில் தங்கவேலு, மன்னார் கம்பெனியில் உத்தியோகம் என்று மனைவியிடம் புளுகுகிறார். அந்தப் பொய்க்குச் சிரிக்கிறோம், இந்தப் பொய்க்கு உருகுகிறோம். ஏமாந்தவள் இரண்டிலும் மனைவியே.

ஆதியாகமம் 29-ம் அதிகாரத்தை வீட்டில் வாசியுங்கள். ராக்கேலுக்காக ஏழு வருஷம் உழைத்த யாக்கோபுக்கு, லாபான் மூத்தவள் லேயாளைக் கொடுத்து வஞ்சித்தான். லேயாள் தன் பிள்ளைகளுக்கு இட்ட பெயர்களைக் கவனியுங்கள். இனியாவது புருஷன் தன்னை நேசிப்பானா என்ற ஏக்கமே அவற்றில் தொனிக்கிறது.

வலக்கை செய்யும் தர்மத்தை இடக்கை அறியவேண்டாம் என்று சேசுநாதர் சுவாமி போதித்தது உண்மைதான். ஆனால் செய்த நன்மையை மறைப்பது வேறு, பிறர் அறியவேண்டிய உண்மையை மறைப்பது வேறு. நல்ல நோக்கத்தோடு சொன்ன பொய்யும் பொய்யே என்பது அர்ச். அகுஸ்தீனுஸ் போதனை.

நமது பாப்பிரெட்டிப்பட்டிப் பக்கத்திலும் "ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம்" என்பார்கள். ஆயிரம் பேரிடம் "போய்ச் சொல்லி" என்பதே சரி என்று வாதிப்போரும் உண்டு. அது எப்படியோ போகட்டும். மாப்பிள்ளையின் வியாதி, பெண்ணின் மனமின்மை ஆகியவற்றை மறைப்பது "குடும்ப நன்மைக்கு" என்கிறார்கள். திருச்சபையோ சம்மதமே விவாகத்தை உண்டாக்குகிறது என்கிறது. மணவாழ்வைக் கடுமையாகக் குலைக்கக்கூடிய ஒரு தன்மையை, சம்மதம் பெறுவதற்கென்றே மறைத்து வஞ்சித்தால் அவ்விவாகம் செல்லாது என்று 1983-ம் வருஷத்துத் திருச்சபைச் சட்டம் 1098-ம் இலக்கத்தில் விதிக்கிறது.

ஆகையால் கல்யாண ஓலை எழுத வருகிறவர்கள் பெண்ணையும் மாப்பிள்ளையையும் தனித்தனியே நம்மிடம் அனுப்பவும். வெளியே காத்திருக்கும் பெற்றோர் நேரமாகிறதென்று கதவைத் தட்டவேண்டாம்.