தம் கதையைத் தாமே படம்பிடித்தோர்



1966ஆம் ஆண்டுக் கோடையில் சோல் வொர்த், ஜான் அடேர் என்னும் ஆய்வாளர் இருவர், அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்துப் பைன் ஸ்பிரிங்ஸ் என்ற ஊரில், நவஹோ பழங்குடியினர் சிலருக்கு 16 மி.மீ. படக்கருவியை இயக்கக் கற்பித்தனர். எதை எடுப்பது என்பதை அவர்களிடமே விட்டனர்.

ஊர்ப் பெரியவர் சாம் யாசி, படமெடுப்பதால் ஆடுகளுக்குத் தீங்கு வருமா என்று வினவினார். வராது என்றனர். நன்மை வருமா என்றார். அதுவும் இல்லை என்றனர். பின் எதற்கு எடுப்பது என்றார். ஆட்டை நம்பி வாழ்வோரிடம் இது நகைக்கத்தக்க வினாவன்று. நம் வீட்டுப் பாட்டிமாரும் இதையே கேட்பர்.

சூசி பெனலி என்ற பெண், தம் தாயார் நெய்வதைப் படமாக்கினார். வெளியார் எடுத்திருந்தால் தறியையும் விரிப்பையுமே காட்டியிருப்பர். அவர் படத்திலோ கம்பளி சேர்ப்பதும், சாயத்துக்குரிய செடிகளைத் தேடி நடப்பதும், நூல் நூற்பதுமே நெடுநேரம் வருகின்றன, நெய்தல் சிறிதளவே. மற்றவர் படங்களிலும் நடையே மிகுதி. பிறர் வேண்டாமென வெட்டியெறியும் நடை, நவஹோ கதைமரபில் முக்கிய நிகழ்ச்சி என்பதை ஆய்வாளர் பிறகே உணர்ந்தனர்.

கனடாவின் இனுயிட் இயக்குநர் சகாரியாஸ் குனுக், தம் தாய்மொழியில் எடுத்த 'அதனார்ஜுவாட்' 2001இல் கான் விழாவில் பரிசு பெற்றது.

நம் யாங்கூனிலும் 2005இல் லிண்ட்சி மெரிசன் என்ற அம்மையார் திரைப்படப் பள்ளியொன்றை நிறுவினார். பல இனத்து இளைஞர்களும் அங்கே பயின்றனர். 2008 மே மாதம் நர்கிஸ் புயல் ஐராவதிக் கழிமுகத்தை அழித்தபோது, அப்பள்ளியின் மாணவர் சிலர் அங்குச் சென்று, உற்றாரை இழந்தோரின் துயரைப் பதிவு செய்தனர். அன்று அது அச்சமின்றிச் செய்யக்கூடிய செயலன்று.

தமிழர் நிலை என்ன? 1952இல் வெளிவந்த 'பராசக்தி'யின் கதை ரங்கூன் தமிழ்க் குடும்பத்திலிருந்து தொடங்குகிறது. ஆனால் படம் சென்னையில் உருவானது. தாகேதாவில் நம் முன்னோர் குடியேறிய வரலாறு முதியோர் நினைவில்தான் இருக்கிறது. ஊரைவிட்டு நான் வெளியேறியபோது, பல்லாண்டு பாடஞ்சொன்ன வகுப்பறையின் படம் ஒன்றுகூட என் கையில் இல்லை.

பயிற்சி: அடுத்த வகுப்புக்குள், வீட்டு முதியவர் ஒருவர் தமக்குத் தெரிந்த வேலையொன்றைச் செய்வதைக் கைப்பேசியில் மூன்று நிமிடம் படமெடுத்து வருக. முதலில் அவரது இசைவைக் கேளுங்கள். அவர் பேச்சில் பர்மியச் சொல் கலந்தால் திருத்த வேண்டாம். தெருவில் எடுக்காதீர்கள், வீட்டுக்குள் எடுத்தால் போதும்.