காரைக்காலம்மையார் பதிகத்தில் பேய்மையும் தாய்மையும்

காரைக்காலில் ஆனித் திங்களில் நிகழும் மாங்கனித் திருவிழா புனிதவதியாரின் இல்லறப் பண்பை நினைவூட்டுவது. அவர் வேண்டிப் பெற்ற பேய்வடிவு அப்பண்பின் துறப்பா, தொடர்ச்சியா என்பதே இக்கட்டுரையின் வினா.

கலிங்கத்துப்பரணியின் பேய்கள் போர்க்களத்தில் கூழட்டு உண்டு களிப்பன. காலத்தால் முற்பட்ட திருவாலங்காட்டு மூத்த திருப்பதிகத்திலும் பேய் நிணம் விழுங்குகிறது. ஆயின் அதுவே தன் பிள்ளைக்குக் காளி எனப் பெயரிட்டு, புழுதி துடைத்து, பாலூட்டிச் செல்கிறது. தாயின் வரவு காணாத பிள்ளை அழுது உறங்குகிறது.

சேக்கிழார் காட்டும் பரமதத்தன், மனைவியைத் தெய்வமென அஞ்சி நீங்கினான். அம்மையாரோ பிறர் அஞ்சும் பேயிடத்தும் தாய்மையைக் கண்டார். பதிகங்களின் இறுதியில் தம்மையும் காரைக்காற்பேய் என்றே குறித்தார். ஆகவே, அடியார்க்கு அமுதளித்த அன்பின் தொடர்ச்சியாகவே அப்பேய்வடிவைக் கொள்ளுதல் பொருந்தும்.